ராசாதுரை அம்பு போட்ட நாள்

முதலில் என் எழுத்துக்காக மன்னிப்புக் கேட்டுக்கொள்கிறேன். தோட்டப் பள்ளிக்கூடத்தில் மூன்றாம் வகுப்போடு என் படிப்பு நின்றது. அதற்குப் பிறகு என் கை பழகியது கடிவாளத்தோடும் குதிரைச் சீப்போடும்தான். பேனா என் விரலுக்குள் நிற்க மறுக்கிறது. எந்த இடத்தில் சின்ன ர, எந்த இடத்தில் பெரிய ற என்பது எனக்கு எப்போதும் சந்தேகம். வாலிபர் மன்றத்துக் கையெழுத்துப் பத்திரிகைக்காக இதைப் பிரதி எடுக்கும் தம்பி, பிழைகளைத் தாராளமாகத் திருத்தட்டும். நடந்ததை மட்டும் திருத்த வேண்டாம். நான் எதையும் கூட்டிச் சொல்லவில்லை.

போன மாதம் பெரிய பங்களாவுக்குப் பின்னால் இருந்த குதிரைக் கொட்டிலை இடித்தார்கள். அந்த இடத்தில் ஜீப் நிறுத்த ஷெட் வரப்போகிறது. ஓடு இறக்கிக்கொண்டிருந்த பையன் ஒருவன் என்னைப் பார்த்து, "பெருமாள் அண்ணே, ஒரு ராசா நம்ம தோட்டத்துல குதிரை மேல இருந்து அம்பு விட்டாருன்னு எங்கப்பா சொல்றாரு. நெசமா, இல்ல கள்ளுத் தவறணைக்குப் போயிட்டு வந்து சொல்றாரா?" என்று கேட்டான். எல்லோரும் கையிலிருந்த ஓட்டோடு திரும்பி என்னைப் பார்த்தார்கள். நாலு பேர் முன்னால் எனக்குப் பேச்சு வராது. "நெசந்தான்" என்று மட்டும் சொல்லிவிட்டு லயத்து வீட்டுக்கு வந்துவிட்டேன். ஆனால் ராசாதுரை அம்பு போட்ட அந்த நாள் கண் முன்னால் வந்து நின்றது. வாயில் வராதது எழுத்தில் வருமா என்று பார்க்கிறேன்.

எங்கள் குருவிமலைத் தோட்டம் அக்கரப்பத்தனைக்கு மேலே, பஸ் நிற்கும் இடத்திலிருந்து நன்றாக மூச்சு வாங்க ஏற வேண்டிய உயரத்தில் இருக்கிறது. என் அப்பா அங்கே குதிரைக்காரர். அவருக்குப் பிறகு நான். ஒரு கடி, இரண்டு உதை, அவ்வளவுதான் என் பயிற்சிக் காலம். நான் கடைசியாகப் பார்த்துக்கொண்ட குதிரையின் பெயர் டியூக். தோட்டத்தை நடத்திய வெள்ளைக்காரப் பெரியதுரை வைத்த பெயர். எங்கள் வாயில் அது டூக்கு ஆகிவிட்டது. செம்பழுப்பு நிறம், நெற்றியில் வெள்ளைப் பொட்டு, கோபம் கிடையாது. ஆனால் எல்லாம் முறைப்படி நடக்க வேண்டும். முதலில் கால்களைத் துடைத்து, குளம்பில் ஒட்டிய மண்ணைக் கொக்கியால் எடுத்து, பிறகு முதுகைத் தேய்த்து, ஒரு துண்டு வெல்லம் கொடுத்து, அதன் பிறகுதான் சேணம் போட வேண்டும். வெல்லத்தை மறந்து சேணத்தை எடுத்தால் வயிற்றை உப்பிக்கொண்டு நிற்கும். வாரை இழுத்துக் கட்ட முடியாது.

அந்தக் குதிரையில்தான் ராசாதுரை தினமும் காலையில் ஆள் கணக்கெடுக்கும் பெரட்டுக்குப் போனார்.

அவர் ஆவரங்கோட்டை சமஸ்தானத்தின் இளவரசர். அவருடைய தாத்தா நல்ல நாளில் ஒரு வெள்ளைக்காரரிடமிருந்து இந்தத் தோட்டத்தை வாங்கிப் போட்டிருந்தார். அரண்மனையிலிருந்து ஒருவரும் இந்தப் பக்கம் வந்ததில்லை. இந்தியாவில் சமஸ்தானங்களையெல்லாம் சர்க்கார் சேர்த்துக்கொண்ட பிறகு, பையன் ஒரு தொழிலாவது கற்றுக்கொள்ளட்டும் என்று அவருடைய தாயார் இங்கே அனுப்பிவைத்தார். வந்தது சின்னத்துரை வேலைக்கு, அதாவது பெரியதுரைக்குக் கீழே உதவியாளராக. பெரியதுரை அரண்மனைச் சம்பளம் வாங்குகிறவர்தான். ஆனால் தோட்டத்துக்குள் அவர் வார்த்தைதான் சட்டம். ராசாதுரை அவர் முன்னால் தொப்பியைக் கழற்றிவிட்டுத்தான் பேசுவார்.

அவர் ஒருநாளும் சத்தம் போட்டு நான் கேட்டதில்லை. கொட்டிலுக்கு வந்தால் வாசலில் நின்று லேசாகக் கனைப்பார். நான் திரும்பிப் பார்த்த பிறகுதான் உள்ளே வருவார். பூட்சைத் தானே கழற்றுவார். நான் குனிந்தால், "வேணாம்ப்பா, இதையாவது நான் செய்றேன்" என்பார். எனக்கும் பேச்சு வராது, அவருக்கும் வராது. ஆகையால் எங்களுக்குள் நன்றாக ஒத்துப்போனது. குதிரை முதுகின் இந்தப் பக்கம் நானும் அந்தப் பக்கம் அவருமாகத் தேய்த்துக்கொண்டிருக்கும்போது மட்டும் சில சமயம் அவராகவே ஏதாவது சொல்லுவார்.

சின்ன வயதில் அவரைத் தனியாக நடக்கவே விடமாட்டார்களாம். குடை பிடிக்க ஒருவர், செருப்பு எடுக்க ஒருவர், கொட்டாவி விட்டால் சொடக்குப் போட ஒருவர். எப்படி உட்கார வேண்டும், யாருக்கு எத்தனை அடி எழுந்து போய் வரவேற்க வேண்டும் என்பதற்கெல்லாம் தனி வாத்தியார். "ராஜாவா இருக்கிறதுக்கு எல்லாம் படிச்சு முடிச்சேன் பெருமாள். முடிச்ச வருஷம் அந்த வேலையையே எடுத்துட்டாங்க" என்று சொல்லிச் சிரித்தார்.  "இங்க வேல இருக்குதுங்க" என்றேன். அதற்கும் சிரித்தார்.

பெரட்டைப் பற்றி இங்கே கொஞ்சம் சொல்ல வேண்டும். இன்றைக்கும் மாறாத முறைதான், ஆனாலும் வெளியூர்க்காரர்கள் படிக்கலாம். விடியும்போது தப்பு மேளம் அடிப்பார்கள். ஆணும் பெண்ணும் பெரட்டுக் களத்துக்கு வந்து நிற்பார்கள். கணக்கப்பிள்ளை பெயர் கூப்பிட, ஒவ்வொருவராக 'இருக்கேன்' என்பார்கள். இதைப் பேர் போடுதல் என்போம். பேர் விழுந்தால்தான் அன்றைய சம்பளம், பாதி நாள் வேலைக்கு அரைப்பேர். பிறகு கொழுந்து பறிக்கும் பெண்கள் மலைக்குக் கிளம்புவார்கள். அதிலும் ஒரு வரிசை உண்டு. முன்நிரைக்காரி நடக்காமல் வேறு எந்தப் பெண்ணும் அடி எடுத்துவைக்க மாட்டாள். எங்கள் தோட்டத்தில் முன்நிரை காளியம்மா. கையும் வேகம், வாயும் வேகம். அவள் நடந்தால் பெண்கள் நடப்பார்கள், பெண்களுக்குப் பின்னால் டூக்கு, டூக்குவின் முதுகில் ராசாதுரை. ராசாதுரை வந்த முதல் வாரத்திலிருந்து இதுதான் வழக்கம்.

அந்த முதல் மாதத்திலேயே காளியம்மா அவரை ஒரு வழி பண்ணிவிட்டாள். கொழுந்து நிறுக்கும் இடத்தில், எல்லார் முன்னாலும், "தொரை எந்த ஊரு ராசா? ஆவரங்கோட்டையா?" என்று கேட்டாள்.

"ஆமாம்."

"எங்க பாட்டன் அந்தச் சீமைதான். மழை இல்லாத வருசத்துல வரி கேட்டு ஒங்க பாட்டன் குதிரைக்காரனுங்கள அனுப்புனாரு. வீட்டுக் கூரையப் பிரிச்சுப் போட்டானுங்க. அதுனாலதான் நாங்க கடல் தாண்டி இங்க வந்து ஒங்க மலையிலயே கொழுந்து கிள்ளுறோம். தொரையாக் கும்புடச் சொன்னாக் கும்புடுறேன். ராசாவாக் கும்புட மாட்டேன், ஆமா."

கணக்கப்பிள்ளை மருதை பதறிப்போய் அவளை அதட்டினார். ராசாதுரை கையை அசைத்து நிறுத்தினார். அன்று சாயந்தரம் குதிரையைத் தேய்க்கும்போது, "அந்த அம்மா சொன்னது பொய்யில்ல பெருமாள். குதிரை அனுப்பின கதைய எங்க வீட்டுல பெருமையாச் சொல்லுவாங்க. கூரை பிரிச்சத மட்டும் சொல்லல" என்றார்.

அவர் வந்து மூன்றாவது வருடம் அவருடைய அப்பா மகாராஜா காலமானார். ராசாதுரை கப்பலேறிப் போய்க் காரியம் முடித்துத் தலையில் முடியில்லாமல் திரும்பி வந்தார். வந்தபோதே முகத்தில் ஒரு கவலை.

ஆவரங்கோட்டையில் ஒரு வழக்கம். பட்டத்தில் இருந்தவர் போன பிறகு வரும் முதல் விஜயதசமி அன்று, வாரிசு குதிரை மீதிருந்து ஒரு அம்பு போட வேண்டும். அம்பு இலக்கில் தைத்தால் மூத்த பங்காளி அவர் தலையில் பாகை கட்டுவார். தவறினால் பாகை அடுத்த வாரிசுக்குப் போகும். சிம்மாசனம் போய்விட்டது. ஆனாலும் குலதெய்வக் கோயிலும் குடும்பச் சொத்தும் பாகை கட்டியவர் கைக்குத்தான். அடுத்த வாரிசு என்பது சித்தப்பா மகன். சித்தப்பாவோ, பாகை தன் வீட்டுக்கு வந்த மறுநாளே குருவிமலையைத் துண்டு துண்டாக விற்றுவிடுவேன் என்று கொழும்பில் ஆள் பேசி வைத்திருந்தார். துண்டு போட்டு விற்ற தோட்டங்களில் லயத்து ஜனங்கள் வீடும் வேலையும் இல்லாமல் போனது எங்களுக்குத் தெரியும். ஆகவே அந்த அம்பு ராசாதுரையை மட்டும் அல்ல, எங்கள் எல்லோரையும் குறி பார்த்து நின்றது.

இதில் ஒரு வேடிக்கை. அம்பைக் குடும்பத்துக்குச் சொந்தமான மண்ணில்தான் போட வேண்டுமாம். அரண்மனைக்கு எதிரே இருந்த பொட்டலைச் சர்க்கார் எடுத்துக்கொண்டது. வயலும் போயிற்று. கணக்குப் பார்த்தால், அத்தனை பெரிய சமஸ்தானத்தில் மிச்சமிருந்த சொந்த மண் நம்முடைய தேயிலை மலை ஒன்றுதான். ராசாதுரையின் தாயார் ராணி அம்மா யோசித்து, "அப்படியானால் அங்கேயே நடக்கட்டும்" என்று சொல்லிவிட்டார்.

சித்தப்பா ராஜா தலைமன்னார் வழியாக வந்து ஹட்டனில் இறங்கி, இரண்டு காரில் மேலே வந்தார். கூடவே ஒரு சாஸ்திரிகள், நாலு சேவகர்கள், பட்டுத்துணியில் சுற்றிய கறுப்பு வில். நேராகக் கொட்டிலுக்கு வந்து டூக்குவைப் பார்த்தார். மூக்கில் கைக்குட்டையை வைத்துக்கொண்டார்.

"குதிரை வெள்ளையா இருக்கணும். இது என்ன, செங்கல் நிறத்துல?"

சாஸ்திரிகள் மெதுவாக, "வெள்ளை விசேஷம்தான். ஆனா இந்த மலையில வேற குதிரை ஏது? வெள்ளை வஸ்திரம் போர்த்தினாப் போதும்" என்றார்.

"மாவு பூசிறலாமே?"

"மழை பேஞ்சா தோசை ஆயிரும் சித்தப்பா" என்றார் ராசாதுரை. அவர் பகடி பேசி அன்றுதான் கேட்டேன். நான் முகத்தைக் குதிரையின் கழுத்துக்குப் பின்னால் மறைத்துக்கொண்டேன்.

சாஸ்திரிகள் விதியை எடுத்துச் சொன்னார். ஏறின பிறகு அம்பு போடும்வரை வாரிசின் கால் மண்ணில் படக்கூடாது. கடிவாளத்தை வேறு ஒரு கை தொடக்கூடாது. குதிரையைச் சாட்டையால் அடிக்கக்கூடாது. வெளிச்சம் போவதற்குள் முடிய வேண்டும். நான் இதையெல்லாம் மனதுக்குள் திரும்பத் திரும்பச் சொல்லிக்கொண்டேன். குதிரையைத் தயார்ப்படுத்துவது என் வேலை. கடிவாளம் என் கையை விட்டுப் போன பிறகு நான் யாருமில்லை என்பது அப்போதுதான் உறைத்தது.

அந்த நாட்கள் மாதிரி நான் உற்சாகமாக வேலை செய்த நாட்கள் வேறு இல்லை. டூக்குவுக்கு அறிமுகமில்லாத ஒவ்வொன்றையும் முன்கூட்டியே காட்டிவிட வேண்டும் என்று தீர்மானித்தேன். வெள்ளைத் துணி காலில் தட்டும், ஆகவே படுக்கை விரிப்பைப் போர்த்தி நடக்க விட்டேன். மாலை கழுத்தில் உரசும், ஆகவே காட்டுக்கொடியை மாலையாகச் சுற்றி விட்டேன். முதல் மாலையைத் தின்றுவிட்டது. இரண்டாவதில் சோப்புத் தண்ணீர் தடவினேன், விட்டுவிட்டது. வில்லின் நாண் காதருகே அதிரும். கயிற்றை இரண்டு தூணுக்கு நடுவே இறுக்கிக் கட்டி, வெல்லம் கொடுத்துக்கொண்டே விரலால் சுண்டினேன். முதல் நாள் கொட்டிலை உடைக்கப் பார்த்தது. பிறகு நாண் அதிர்ந்தாலே வெல்லம் என்று உதட்டை நீட்டத் தொடங்கியது. சீனவெடிப் பட்டாசுக்குப் பதிலாகத் தகர டப்பாவில் கல் போட்டு உருட்டினேன். அம்புக்கு இலக்காக வட்டவளையிலிருந்து லொறியில் வந்த வாழைமரத்தை மைதானத்தில் நட்டதும், டூக்குவைக் கூட்டிப்போய் முகரக் காட்டினேன். எங்கள் குளிரில் வாழை ஏது? டூக்கு ஒரு இலையைக் கடித்துப் பார்த்தது.

தப்பைப் பற்றி மட்டும் நான் நினைக்கவில்லை. ராசாதுரை நினைக்கவில்லை, கணக்கப்பிள்ளை நினைக்கவில்லை, தப்புக்காரர்களே நினைக்கவில்லை. அதுதான் தினமும் காதில் விழுகிற சத்தமாயிற்றே!

விஜயதசமி அன்று மத்தியானத்துக்குள் தோட்டமே மைதானத்து வழியில் கூடிவிட்டது. பூண்டுலோயாவிலிருந்துகூடச் சொந்தக்காரர்கள் வந்திருந்தார்கள். நல்ல சேலை, நல்ல வேட்டி, குழந்தைகள் தலையில் எண்ணெய். காளியம்மாவும் வந்தாள். "நான் வேடிக்கை பாக்கத்தான் வந்துருக்கேன், கும்புட இல்ல" என்று கேட்காதவர்களுக்கும் சொல்லிக்கொண்டிருந்தாள். பெரியதுரை மனைவியோடு நாற்காலி போட்டு உட்கார்ந்திருந்தார்.

கொட்டில் வாசலில் ராசாதுரை ஏறினார். வெள்ளைப் பட்டு, இடுப்பில் கத்தி, தோளில் வில். தலை மட்டும் வெறுமையாக, வளர்ந்தும் வளராத முடியோடு. நான் கடிவாளத்தை அவர் கையில் கொடுத்தேன். கொடுத்த பிறகும் விடாமல் பிடித்துக்கொண்டு நின்றேன். "என்ன பெருமாள், நீயா ஏறப்போறே?" என்றார் மெதுவாக.

பாதை கீழே இறங்கி ஓரிடத்தில் பிரியும். வலது பக்கம் மைதானம். இடது பக்கம் பெரட்டுக் களம். டூக்கு அழகாக நடந்தது. மாலையைத் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. சீனவெடி வெடித்தது, காதை மட்டும் ஆட்டியது. என் நெஞ்சு பூரித்தது. பிரியும் இடத்துக்கு வந்ததும் சித்தப்பா ராஜா கையைக் காட்ட, தப்புக்காரர்கள் பலமாக அடிக்கத் தொடங்கினார்கள்.

டூக்கு நின்றது. காதை நிமிர்த்தியது. பிறகு யாரையும் கேட்காமல், நிதானமாக, இடது பக்கம் திரும்பிப் பெரட்டுக் களத்துக்குப் போய், தினமும் நிற்கும் அதே மூலையில் நாலு காலையும் ஊன்றி நின்றுகொண்டது.

ஒரு நிமிடம் ஒருவருக்கும் ஒன்றும் புரியவில்லை. எனக்குப் புரிந்துவிட்டது.  தப்பு அடித்தால் பெரட்டு. டூக்குவுக்கு அவ்வளவுதான் தெரியும்.

"தப்ப நிறுத்து! தப்ப நிறுத்து!" என்று மருதை கணக்கப்பிள்ளை ஓடினார். நிறுத்தினார்கள். டூக்கு அசையவில்லை. ராசாதுரை குதிகாலால் தொட்டார், கழுத்தைத் தட்டினார், கடிவாளத்தைத் திருப்பினார். அது தலையை மட்டும் திருப்பியது, காலைத் திருப்பவில்லை. நான் ஓடிப்போய் முன்னால் நின்றேன். கை தானாகக் கடிவாளத்துக்குப் போயிற்று. "தொடப்படாது!" என்று சாஸ்திரிகள் கத்தினார். கையை முதுகுக்குப் பின்னால் கட்டிக்கொண்டேன்.

ஜனங்கள் எல்லாம் களத்துக்கு ஓடிவந்து சுற்றி நின்றார்கள். மேலே மலை முகட்டில் மூட்டம் இறங்கத் தொடங்கியிருந்தது. எங்கள் மலையில் மூட்டம் வந்தால் வாழைமரம் என்ன, மாதாகோயில்கூடத் தெரியாது.

சித்தப்பா ராஜா முகத்தில் ஒரு மலர்ச்சி. "தம்பி, குதிரை மறுத்துருச்சு. சகுனம் சரியில்ல. எறங்கிரு."

ராசாதுரை கழுத்தைத் தடவிக்கொண்டே சொன்னார்: "மறுக்கல சித்தப்பா. வேலைக்குக் கூப்பிட்டாங்கன்னு வந்து நிக்குது."

பிறகு சேணத்தில் நிமிர்ந்து உட்கார்ந்தார். ஒருநாளும் சத்தம் போடாத மனிதர், களம் அதிரும்படி கூப்பிட்டார்:

"மூணாம் நம்பர் லயம், முதல் காம்பரா. அஞ்சலை!"

அஞ்சலைக்கு வாய் முந்திக்கொண்டது. "இருக்கேங்க!"

"ராமாயி!"

"வந்துட்டேங்க!"

கணக்கப்பிள்ளை புத்தகத்தைத் தேடினார். ராசாதுரைக்குப் புத்தகம் தேவைப்படவில்லை. மூன்று வருடம் தினமும் கேட்ட பெயர்கள். லயத்து அறை வரிசைப்படி, காம்பரா காம்பராவாகப் போனார்.

"செல்லம்மா!"

"புள்ளைக்குப் பால் குடுக்குறேங்க, பேரப் போட்டுக்குங்க!"

"கருப்பையா! கருப்பையா எங்கே?"

"தவறணையிலங்க!"

"அரைப்பேர் போடுங்க தொரை!" என்று யாரோ கத்த, களமே சிரித்தது. பட்டு உடுத்தி வில் ஏந்தியவர் பெயர் கூப்பிட, நல்ல சேலை கட்டிய பெண்கள் 'இருக்கேன், இருக்கேன்' என்று வரிசையில் சேர்ந்துகொண்டே இருந்தார்கள். 

"இது என்ன கூத்து?" என்று சித்தப்பா ராஜா பல்லைக் கடித்தார். நாற்காலியை விட்டு எழுந்து வந்த பெரியதுரை கணக்கப்பிள்ளையைக் கேட்டார்: "என்ன கணக்கப்பிள்ளை, ராஜா ஊர்லயும் பெரட்டு இருக்கா?"

கடைசியாக ஒரு பெயர் பாக்கி. ராசாதுரை அதைக் கடைசியில்தான் வைத்திருந்தார்.

"காளியம்மா."

 எல்லோரும் திரும்பினோம். அவள் வரிசையில் சேரவில்லை. கையைக் கட்டிக்கொண்டு படிக்கட்டருகே நின்றாள். அவள் நடக்காமல் பெண்கள் நடக்க மாட்டார்கள். பெண்கள் நடக்காமல் டூக்கு நடக்காது. மூட்டம் தொழிற்சாலைக் கூரை வரை வந்துவிட்டது.

"காளியம்மா!" என்றார் இரண்டாம் தடவை.

"யாரு கூப்புடுறது? தொரையா, ராசாவா?"

  ராஜா என்று சொன்னால் அவள் வரமாட்டாள். துரை என்று சொன்னால், சாட்சிக்கு வந்து நிற்கும் சித்தப்பா அந்த வார்த்தையைப் பிடித்துக்கொள்வார். 

"பேர் போடுறேன் அம்மா. வந்திருக்கீங்களா, இல்லையா?" என்றார் ராசாதுரை.

காளியம்மா கட்டியிருந்த கையை அவிழ்க்கவில்லை. "நான் நடந்தா நீங்க பின்னாடி வருவீங்களா? இந்தப் பட்டோட? ஒங்க சித்தப்பாரு பாத்துக்கிட்டு நிக்கையில?"

"தினமும் வர்றேனே" என்றார் ராசாதுரை.

அவள் அவரையே பார்த்தாள். உதட்டை இறுக்கிக்கொண்டுதான் இருந்தாள். ஆனால் கன்னம் அவளை மீறிச் சிரித்துவிட்டது.

"இருக்கேன்" என்றாள். முந்தானையை இடுப்பில் செருகினாள். "என்னடி மசமசன்னு நிக்கிறீங்க? நடங்கடி!" என்று பெண்களை ஒரு அதட்டல் போட்டுவிட்டு மைதானத்துப் பக்கம் விறுவிறுவென்று நடந்தாள். பெண்கள் அவளுக்குப் பின்னால் திமுதிமுவென்று போனார்கள். டூக்கு ஒரு பெருமூச்சு விட்டது. ஒரு காலை எடுத்தது. மறு காலை எடுத்தது. பெண்களுக்குப் பின்னால் போயிற்று!

நான் ஓடினேன். எல்லோரும் ஓடினோம். மைதானத்தில் வாழைமரம் பாதி மூட்டத்துக்குள் இருந்தது, தண்டு மட்டும் வெளிறித் தெரிந்தது. "ஒதுங்குங்க! ஒதுங்குங்கடி!" என்று காளியம்மாவே கையை விரித்து வழி பண்ணினாள். ராசாதுரை டூக்குவை ஓட்டத்தில் விட்டார். கடிவாளத்தை மடியில் போட்டார். வில் வளைந்தது. ஒரு கணம் மூட்டம் மரத்தை முழுக்க மூடியது. அவர் விடவில்லை. பிடித்துக்கொண்டே போனார்.  ஒரு காற்று வந்தது, தண்டு தெரிந்தது, நாண் அதிர்ந்தது.

தொப் என்று ஒரு சத்தம். அம்பு வாழைத்தண்டில் பாதிவரை இறங்கி ஆடிக்கொண்டு நின்றது.

பெண்கள் குலவை போட்டார்கள். தப்புக்காரர்கள் வெறி வந்தது போல் அடித்தார்கள். யாரோ என்னைத் தூக்கினார்கள். நான், நாலு பேர் முன்னால் வாய் திறக்காதவன், தொண்டை கிழியக் கத்திக்கொண்டிருந்தேன். என்ன கத்தினேன் என்று இன்றுவரை தெரியாது. டூக்கு நின்ற இடத்தில் உதட்டை நீட்டிக்கொண்டு என்னைத் தேடியது. நாண் அதிர்ந்துவிட்டதே, வெல்லம் எங்கே என்று.

ராசாதுரை இறங்கினார். சாஸ்திரிகள் பாகையை நீட்ட, மூத்த பங்காளியான சித்தப்பா ராஜா அதைக் கட்டினார்.  கடுப்பிலும் முறையாக, மடிப்புக் கலையாமல் கட்டினார். அதைச் சொல்லத்தான் வேண்டும்.

"இன்னும் ஒண்ணு பாக்கி" என்றார் சாஸ்திரிகள். "பாகை கட்டினதும், எதிரில் நிக்கற முதல் குடியிடம் என்ன வேணும்னு கேக்கணும். கேட்டதைக் கொடுக்கணும்."

அதற்கென்று ஊரிலிருந்து கூட்டிவந்த சேவகர் ஒருவர், ஒரு தேங்காய் கேட்பதற்காகத் தயாராக நின்றார். ஆனால் வழி பண்ணிக்கொண்டு முன்னால் போனதில், ராசாதுரைக்கு நேர் எதிரே நின்றது காளியம்மா. அவள் நகரவில்லை.

"என்ன வேணும் அம்மா?" என்று ராசாதுரை கேட்டார்.

 பாட்டனுடைய கூரையைக் கேட்பாளா, நிலத்தைக் கேட்பாளா, தோட்டத்தை விற்காதே என்று கேட்பாளா? அவள் கும்பிடவில்லை. இடுப்பில் கையை வைத்துக்கொண்டு யோசித்தாள்.

"தோட்டத்த விக்க மாட்டீங்கன்னு எனக்குத் தெரியும். வித்தா நீங்க எங்க போவீங்க? அதுனால, நாளைக்கு எல்லாருக்கும் பேர் போட்டு லீவு வேணும்."

பேர் போட்டு லீவு என்றால் வேலை இல்லாமலே அன்றைய சம்பளம். ஜனங்கள் ஆரவாரம் செய்தார்கள். ராசாதுரை புதுப் பாகையோடு பெரியதுரை பக்கம் திரும்பிப் பார்த்தார்.

"பெரியதுரைகிட்டக் கேட்டுத்தான் சொல்லணும் அம்மா" என்றார்.

எழுந்த சிரிப்பில் மலையே குலுங்கியது. அவர் சிரிக்கவில்லை. நேராகப் பெரியதுரையிடம் நடந்து போனார். அவர் முன்னால் போய் நின்றதும், தினமும் தொப்பியைக் கழற்றிப் பழகிய கை தானாகப் பாகைக்குப் போயிற்று. "எடுக்கப்படாது! எடுக்கப்படாது!" என்று சாஸ்திரிகள் அலறினார். கை பாதியில் நின்றது. பெரியதுரை அதைப் பார்த்தார். என்ன தோன்றியதோ, தன் தொப்பியை எடுத்துக் கையில் வைத்துக்கொண்டார்.

"ஆல்ரைட் ராஜா. ஒரு நாள்தான்" என்றார்.

சித்தப்பா ராஜா மறுநாள் காரில் இறங்கிப் போனார். தோட்டம் விற்கப்படவில்லை. பெரியதுரை சீமைக்குப் போன பிறகு அந்த நாற்காலிக்கு ராசாதுரையே வந்தார், இன்னும் இருக்கிறார். பாகையைப் பிறகு அவர் தலையில் நான் பார்த்ததில்லை. ராஜாவாக அவர் போட்ட உத்தரவு அது ஒன்றுதான். மறுநாள் குருவிமலையில் ஒரு கிள்ளுக் கொழுந்துகூடப் பறிக்கவில்லை. லயங்களில் நல்ல வெயில் ஏறும்வரை யாரும் கதவு திறக்கவில்லை.

குருவிமலைத் தோட்டம்,
1965, ஆடி மாதத்துக் கடைசி ஞாயிற்றுக்கிழமை.